‘உலக நாடுகள்’ வினாடி வினா அட்டைப் பெட்டி: இராமநாதபுரக் கடலோரப் படிப்பகத்திலிருந்து ஒரு மதிப்புரை

இராமநாதபுரம் அரண்மனைப் பகுதியில் உள்ள நோட்டுப் புத்தகக் கடைகளில் 480 ரூபாய்க்குக் கிடைக்கும் ‘உலக நாடுகள்’ வினாடி வினா அட்டைப் பெட்டி, கீழக்கரைக்கும் ஏர்வாடிக்கும் இடைப்பட்ட எங்கள் ஊர்ப் படிப்பகத்தில் இப்போது அதிகம் கைபடும் பொருளாக இருக்கிறது. மாலையில் வரும் பள்ளிப் பிள்ளைகளும் அரசுப் பணித் தேர்வுக்குப் படிக்கும் இளைஞர்களும் அதை மாறி மாறி எடுத்துக்கொள்கிறார்கள். பொது அறிவுக் கேள்விகளுக்குத் தமிழில் என்றுமே பஞ்சம் இருந்ததில்லை. நூறு ரூபாய்க்குள் ஆயிரம் கேள்விகளைத் தரும் புத்தகங்கள் பேருந்து நிலையத்திலேயே தொங்குகின்றன. தென் மாவட்டச் சிறு பதிப்பகம் ஒன்று வெளியிட்டிருக்கும் இந்தப் பெட்டி அவற்றிலிருந்து விலகி நிற்பதற்குக் காரணம் ஒன்றுதான்: இதன் நல்ல அட்டைகள் விடையோடு முடிவதில்லை, அந்த விடை ஏன் அப்படி அமைந்தது என்பதையும் சொல்கின்றன. அப்படிச் சொல்லும் அட்டைகளுக்காக இதை மனமார வரவேற்கிறேன். சொல்லாமல் விட்ட அட்டைகளைப் பற்றியும் விரிவாகவே எழுத வேண்டியிருக்கிறது.

பெட்டியில் 400 அட்டைகள் உள்ளன. எல்லைகளும் தலைநகரங்களும் நீலம். கடல் வழிகளும் பயணங்களும் பச்சை. போர்களும் உடன்படிக்கைகளும் சிவப்பு. கொடி, நாணயம், மக்கள்தொகை ஆகியவை மஞ்சள். முன்பக்கத்தில் கேள்வியும் மூன்று குறிப்புகளும் இருக்கின்றன. முதல் குறிப்பிலேயே விடை சொல்பவருக்கு மதிப்பெண் அதிகம். பின்பக்கத்தில் விடையும், மஞ்சள் தவிர மற்றவற்றில் அதன் கீழே ‘காரணம்’ என்ற தலைப்பில் நான்கைந்து வரிகளும் உண்டு. அந்த நான்கைந்து வரிகள்தாம் இந்தப் பெட்டியின் உயிர்.

நீல அட்டை ஒன்று, கடற்கரையே இல்லாமல் கடற்படை வைத்திருக்கும் தென் அமெரிக்க நாடு எது என்று கேட்கிறது. பொலிவியா என்று சொல்லிவிட்டு நகர்ந்துவிடலாம். ஆனால் அட்டையின் பின்பக்கம், அந்த நாட்டுக்கு முன்பு பசிபிக் கரையில் கடலோரம் இருந்ததையும், அங்கே வெடியுப்பு எடுத்த நிறுவனத்தின் மீது பொலிவியா விதித்த வரியை ஒட்டி மூண்ட பிணக்கு 1879இல் சிலியுடன் போராக வெடித்ததையும், தோற்ற பொலிவியா கடற்கரை முழுவதையும் இழந்ததையும், 1904ஆம் ஆண்டு உடன்படிக்கை அந்த இழப்பை உறுதிப்படுத்தியதையும் சுருக்கமாகச் சொல்கிறது. கடல் மட்டத்துக்கு ஏறக்குறைய 3,800 மீட்டர் உயரத்தில் உள்ள டிட்டிகாக்கா ஏரியில் அந்தக் கடற்படை இன்றும் பயிற்சி செய்கிறது. ஆண்டுதோறும் மார்ச் 23ஆம் நாளைக் கடல் நாளாக அந்நாட்டு மக்கள் கடைப்பிடிக்கிறார்கள். கடலை ஒரு நாடு இழக்க முடியும் என்பதே எங்கள் பிள்ளைகளுக்குப் புதிய செய்தி. வீட்டு வாசலிலிருந்து கடலைப் பார்த்து வளர்ந்தவர்கள், அதை இழந்து நூறாண்டுக்கு மேலாகியும் மறக்காத மக்களைப் பற்றி அன்று நெடுநேரம் பேசிக்கொண்டிருந்தார்கள். அடுத்து வந்த அட்டை, கடலை அடைய இரண்டு நாட்டு எல்லைகளைத் தாண்டியே ஆக வேண்டிய நாடுகள் உலகில் இரண்டுதான், அவை லீக்டன்ஸ்டைனும் உஸ்பெகிஸ்தானும் என்று சொன்னபோது, அட்லஸைக் கேட்காத பிள்ளை இல்லை.

அதே நீலக் கட்டில் உள்ள நமீபியா அட்டையும் பாராட்டத் தக்கது. அந்நாட்டின் வடகிழக்கு மூலையிலிருந்து ஏறக்குறைய 450 கிலோமீட்டர் நீளத்துக்குக் குறுகலான நிலத்துண்டு ஒன்று ஏன் நீட்டிக்கொண்டிருக்கிறது என்பது கேள்வி. 1890இல் ஜெர்மனியும் பிரிட்டனும் செய்துகொண்ட உடன்பாட்டில், சான்சிபார் மீதான உரிமைக் கோரிக்கையை ஜெர்மனி கைவிட்டு, ஐரோப்பாவில் ஹெலிகோலாந்து தீவையும் ஆப்பிரிக்காவில் சாம்பெசி ஆற்றைத் தொடும் இந்த நிலத்துண்டையும் பெற்றுக்கொண்டது. ஆற்று வழியாகவே இந்தியப் பெருங்கடலை அடைந்து கிழக்கு ஆப்பிரிக்காவில் இருந்த தன் குடியேற்றத்தோடு தொடர்பு கொள்ளலாம் என்று ஜெர்மனி எண்ணியது. ஆனால் கீழ்ப்போக்கில் விக்டோரியா அருவி குறுக்கே நிற்கிறது. அன்றைய ஜெர்மன் தலைமையமைச்சர் காப்ரிவியின் பெயரால் அந்தத் துண்டு நிலம் நெடுங்காலம் அழைக்கப்பட்டது. நிலத்தின் வடிவத்துக்குப் பின்னால் மனிதர்களின் முடிவு இருக்கிறது, அந்த முடிவுக்குப் பின்னால் ஆசையும் அறியாமையும் இருக்கின்றன என்பதை ஒரே அட்டையில் இவ்வளவு தெளிவாக எழுதியவர் தேர்ந்த ஆசிரியராகத்தான் இருக்க வேண்டும்.

சிவப்புக் கட்டைப் பற்றி நீட்டிச் சொல்ல ஒன்றுமில்லை. நல்லபடியாகச் செய்திருக்கிறார்கள். 1896இல் அத்வா போரில் எத்தியோப்பியா இத்தாலியை வென்றதும், 1804இல் அடிமைகளாக இருந்தவர்களின் கிளர்ச்சியால் ஹெய்ட்டி நாடு விடுதலை பெற்றதும் இடம்பெற்றிருப்பது மகிழ்ச்சி தருகிறது. உலக வரலாறு என்றால் ஐரோப்பிய அரசர்களின் பட்டியல் என்ற பழைய பாடத்திட்ட வழக்கத்தை அவை உடைக்கின்றன.

பச்சைக் கட்டுக்கு மட்டுமே தனி விலை கொடுத்து வாங்கலாம். தென் அமெரிக்காவில் பிரேசிலில் மட்டும் போர்த்துகீசிய மொழி ஏன் என்ற கேள்விக்கு, 1494ஆம் ஆண்டின் டோர்டெசில்லாஸ் உடன்படிக்கை விடையாக வருகிறது. கேப் வெர்டே தீவுகளுக்கு மேற்கே 370 லீக் தொலைவில் வடக்கு தெற்காக ஒரு கோட்டைக் கற்பனையாக இழுத்து, கிழக்கே உள்ளது போர்த்துகலுக்கு, மேற்கே உள்ளது ஸ்பெயினுக்கு என்று இரண்டு அரசுகள் உலகைப் பங்கிட்டுக்கொண்டன. 1500இல் போர்த்துகீசியர் பிரேசில் கரையில் இறங்கியபோது அது கோட்டுக்குக் கிழக்கே அமைந்திருந்தது. உலகை முதன்முதலில் கப்பலில் சுற்றி வந்தவர் யார் என்ற கேள்விக்கும் வழக்கமான புத்தகங்கள் மெகல்லன் என்றே எழுதும். இந்தப் பெட்டியோ, 1519இல் ஐந்து கப்பல்களோடு புறப்பட்ட மெகல்லன் 1521இல் பிலிப்பைன்ஸ் தீவுகளில் நடந்த சண்டையில் இறந்துவிட்டார் என்பதையும், அவருடன் சென்ற எல்கானோ தலைமையில் ஒரே கப்பலில் 18 பேர் மட்டும் 1522இல் ஸ்பெயின் திரும்பினார்கள் என்பதையும் சரியாகத் தருகிறது. சாதிக்காய்க்காகப் போரிட்ட இரு நாடுகளைப் பற்றிய அட்டை இன்னும் நன்று. அன்றைய உலகில் சாதிக்காய் விளைந்த இடம் ஏறக்குறைய இன்றைய இந்தோனேசியாவில் உள்ள பாண்டா தீவுகள் மட்டுமே. அவற்றில் ஒன்றான சின்னஞ்சிறு ரன் தீவின் மீதிருந்த உரிமையை ஆங்கிலேயர் 1667ஆம் ஆண்டு பிரேடா உடன்படிக்கையில் டச்சுக்காரர்களுக்கு விட்டுக்கொடுத்தார்கள். ஆங்கிலேயர் முன்பே கைப்பற்றியிருந்த நியூ ஆம்ஸ்டர்டாமை டச்சுக்காரர்கள் விட்டுக்கொடுத்தார்கள். அந்த நியூ ஆம்ஸ்டர்டாம்தான் இன்றைய நியூயார்க். அடுக்களை அஞ்சறைப் பெட்டியில் இருக்கும் ஒரு விதைக்கு அன்று இருந்த மதிப்பை இதைவிட அழுத்தமாகச் சொல்ல முடியாது.

தமிழுக்கு நேரடியாகத் தொடர்புள்ள இரண்டு அட்டைகளைத் தனியே குறிப்பிட வேண்டும். முதலாவது, இலங்கையின் காலி நகரில் 1911இல் கண்டெடுக்கப்பட்டு இப்போது கொழும்பு அருங்காட்சியகத்தில் உள்ள மும்மொழிக் கல்வெட்டைப் பற்றியது. சீனக் கடற்படைத் தலைவர் செங் ஹேயின் பயணத்தின்போது நிறுவப்பட்ட அந்தக் கல்லில் 1409ஆம் ஆண்டுக் காலக்குறிப்பு உள்ளது. சீன மொழிப் பகுதி புத்தருக்கும், தமிழ்ப் பகுதி தெனாவரை நாயனாருக்கும், பாரசீகப் பகுதி அல்லாஹ்வுக்கும் அளிக்கப்பட்ட காணிக்கைகளைக் கூறுகின்றன. இந்தியப் பெருங்கடல் வணிகத்தில் எந்தெந்த மொழி பேசியவர்களை மதித்து நடக்க வேண்டியிருந்தது என்பதற்கு அந்தக் கல்லே சான்று. இரண்டாவது, நியூசிலாந்தின் வெல்லிங்டன் நகரில் தெ பாபா அருங்காட்சியகத்தில் இருக்கும் தமிழ் மணி. 19ஆம் நூற்றாண்டின் முற்பகுதியில் வில்லியம் கோலென்சோ என்ற மதப் பணியாளர் அதைப் பார்த்தபோது, மாவோரி மக்கள் அதை அடுப்பில் ஏற்றிக் கிழங்கு வேகவைக்கும் பாத்திரமாகப் பயன்படுத்திக்கொண்டிருந்தார்கள். முகைதீன் பக்சு என்பவருடைய கப்பலின் மணி அது என்று அதில் தமிழில் பொறிக்கப்பட்டிருக்கிறது. கடல் வணிகர்களான மரைக்காயர்களின் மரக்கலங்கள் புறப்பட்ட கரையில் உட்கார்ந்து இந்த அட்டையைப் படிப்பதற்கும், வேறெங்கோ படிப்பதற்கும் வேறுபாடு இருக்கிறது. கீழக்கரைப் பெரியவர் ஒருவர் இந்த அட்டையைப் பேரனிடம் திரும்ப வாசிக்கச் சொல்லிக் கேட்டுவிட்டு, “நம்ம ஆளுக போகாத கரை எதுப்பா?” என்றார்.

வளைகுடா நாடுகளைப் பற்றிய அட்டைகளுக்கு எங்கள் பக்கத்தில் கிடைக்கும் வரவேற்பு, பதிப்பகத்தார் எதிர்பார்த்திராததாக இருக்கலாம். வெளிநாட்டில் வேலை செய்யும் சபராளிகளின் குடும்பங்கள் நிறைந்த ஊர்கள் இவை. துபாய், ஷார்ஜா, மஸ்கட், தோஹா ஆகிய பெயர்கள் பிள்ளைகளுக்கு மதுரையைப் போலவே பழக்கமானவை. ஆனால் ஐக்கிய அரபு அமீரகம் என்ற நாடே 1971 டிசம்பர் 2ஆம் நாள்தான் உருவானது என்பதும், ராஸ் அல் கைமா அதில் 1972இல் இணைந்தது என்பதும், அங்கே பல ஆண்டுகள் உழைத்துத் திரும்பியவர்கள் பலருக்கும் கூடப் புதியவை. இந்த வளைகுடா அட்டைகளில் மிகச் சிறந்த கேள்வி எல்லை பற்றியது. அமீரகத்தின் நிலப்பரப்புக்குள், முற்றிலும் சூழப்பட்ட நிலையில், ஓமானுக்கு உரிய மதா என்ற பகுதி இருக்கிறது. அந்த மதாவுக்குள்ளே, மீண்டும் அமீரகத்துக்கே உரிய நஹ்வா என்ற சிற்றூர் இருக்கிறது. விடையைக் கேட்டதும் ஒரு சிறுமி அங்கேயே கைப்பேசியில், “வாப்பா, நீங்க மதாவுக்குப் போயிருக்கீங்களா?” என்று குரல் செய்தி அனுப்பினாள். வெளிநாட்டில் இருக்கும் தந்தையிடம் அவளுக்குக் கேட்க அன்று புதிதாக ஒன்று கிடைத்தது. நான் இந்தப் பெட்டியை மதிப்பதற்கு அதுவும் ஒரு காரணம்.

முத்தைப் பற்றிய அட்டையும் இதே இடத்தில் வருகிறது. பாரசீக வளைகுடாவின் முத்துக்குளித் தொழில் ஏன் சரிந்தது என்பது கேள்வி. ஜப்பானில் மிக்கிமோட்டோ 1893இல் முத்து வளர்ப்பில் வெற்றி கண்டதும், பின்னர் வளர்ப்பு முத்து உலகச் சந்தையை நிரப்பியதும், 1930களின் பொருளாதார வீழ்ச்சியும் சேர்ந்து அந்தத் தொழிலை ஒடுக்கின. அதே காலத்தில் 1932இல் பஹ்ரைனிலும் 1938இல் குவைத்திலும் சவூதி அரேபியாவிலும் எண்ணெய் கண்டறியப்பட்டது. இவ்வளவையும் நேர்த்தியாகச் சொன்ன அட்டை, மன்னார் வளைகுடாவின் முத்தைப் பற்றி ஒரு வரிகூடச் சொல்லவில்லை. 13ஆம் நூற்றாண்டின் இறுதியில் இந்தக் கரைக்கு வந்த மார்க்கோ போலோ, இங்கே முத்துக்குளித்தலைப் பார்த்து விரிவாக எழுதியிருக்கிறார். இரண்டு வளைகுடாக்களையும் ஒரே அட்டையில் இணைத்திருக்கலாம்.

நேரம் பற்றிய அட்டைகள் சில பச்சையிலும் சில நீலத்திலும் சிதறிக் கிடக்கின்றன. ஆஸ்திரேலியாவோடும் நியூசிலாந்தோடும் வணிக நாள்கள் ஒத்துவர வேண்டும் என்பதற்காகச் சமோவா 2011ஆம் ஆண்டில் டிசம்பர் 30ஆம் நாளையே நாட்காட்டியிலிருந்து விட்டுவிட்டது என்ற அட்டை, பிள்ளைகள் நம்ப மறுத்த அட்டைகளில் ஒன்று. அன்று பிறந்தநாள் வருபவர்கள் என்ன செய்தார்கள் என்று கேட்டார்கள். நாட்டின் தீவுகள் அனைத்திலும் ஒரே நாள் இருக்க வேண்டும் என்று 1995இல் பசிபிக் தீவு நாடான கிரிபாட்டி பன்னாட்டுத் தேதிக் கோட்டைக் கிழக்கே தள்ளிய செய்தியும் உண்டு. இங்கே நாங்களே ஓர் அட்டையை எழுதிச் சேர்த்தோம். 1996இல் மின்தட்டுப்பாட்டைச் சமாளிக்க இலங்கை தன் கடிகாரத்தை முன்னே நகர்த்தியது. அவ்வாண்டின் பிற்பகுதியிலிருந்து 2006 வரை அந்நாட்டின் நேரம் நம் நேரத்தைவிட அரை மணி முன்னால் இருந்தது. இலங்கை வானொலியைக் கேட்டே வளர்ந்த இக்கரைப் பெரியவர்களுக்கு அந்த வேறுபாடு நன்றாக நினைவிருக்கிறது. அட்டையைப் படித்த இளையவர்களுக்கு அவர்கள் விளக்கம் சொல்ல, ஆட்டத்தில் மூன்று தலைமுறையும் கலந்துகொண்டது.

இந்தப் பெட்டியை வரிசைப்படி எடுத்து ஆடுவதைவிட, ஓர் அகலாங்குக் கோட்டைப் பிடித்துக்கொண்டு ஆடுவது நல்லது. நாட்டுப்படகிலும் விசைப்படகிலும் ஜிபிஎஸ் கருவி வந்துவிட்டதால், மீனவர் வீட்டுப் பிள்ளைகளுக்கு அகலாங்கும் நெட்டாங்கும் பாடப்புத்தகச் செய்தி அல்ல. தந்தை கருவியில் குறித்து வைத்துத் திரும்பிப் போகும் இடங்கள் அவை. பாம்பன் ஏறக்குறைய 9 டிகிரி 17 நிமிட வட அகலாங்கில் இருக்கிறது. அந்தக் கோட்டை ஒட்டியே மேற்கே போகச் சொல்லி, வழியில் அகப்படும் இடங்களுக்கு உரிய அட்டைகளை மட்டும் தேடி எடுக்கச் சொன்னோம். எத்தியோப்பியாவின் தலைநகரும் ஆப்பிரிக்க ஒன்றியத்தின் தலைமையிடமுமான அடிஸ் அபாபா 9 டிகிரியை ஒட்டி அகப்பட்டது. 1991இல் லாகோசிலிருந்து நைஜீரியாவின் தலைநகர் மாற்றப்பட்ட அபுஜா அகப்பட்டது. அட்லாண்டிக்கைத் தாண்டியதும் பனாமா கால்வாய் அகப்பட்டது. பாம்பன் பழைய தொடர்வண்டிப் பாலம் 1914 பிப்ரவரி 24இல் திறக்கப்பட்டது. பனாமா கால்வாய் அதே ஆண்டு ஆகஸ்ட் 15இல் திறக்கப்பட்டது. ஏறக்குறைய ஒரே அகலாங்கில், ஒரே ஆண்டில், ஒன்று கப்பலுக்கு வழிவிட்டபடியே நிலத்தை இணைக்க, மற்றது கப்பலுக்காகவே நிலத்தைப் பிளந்தது. பனாமா அட்டையின் பின்பக்கத்தில் இன்னொரு செய்தியும் இருந்தது: கால்வாயின் பசிபிக் வாயில், அட்லாண்டிக் வாயிலைவிடக் கிழக்கே இருக்கிறது. பனாமா நிலச்சந்தி அந்த இடத்தில் வளைந்து கிடப்பதால், அட்லாண்டிக்கிலிருந்து பசிபிக்குக்குப் போகும் கப்பல் தென்கிழக்காகச் செல்கிறது. படத்தைப் பார்க்காமல் இதை ஒருவரும் ஏற்கவில்லை. பார்த்த பிறகு ஒருவரும் மறக்கவில்லை.

இனி குறைகள். மஞ்சள் கட்டு ஏமாற்றமளிக்கிறது. அதில் ‘காரணம்’ என்ற பகுதியே கிடையாது. எண்ணும் பெயரும் மட்டும்தான். காரணம் இல்லாத செய்தி பழையதாகிவிட்டால் அதில் மிஞ்சுவதற்கு ஒன்றும் இல்லை. பெட்டியின் மேல் 2021ஆம் ஆண்டுப் பதிப்பு என்று அச்சிட்டிருக்கிறார்கள். மக்கள்தொகையில் முதல் நாடு சீனா என்கிறது ஓர் அட்டை. ஐக்கிய நாடுகள் அவையின் மதிப்பீட்டின்படி 2023இல் இந்தியா அந்த இடத்துக்கு வந்துவிட்டது. குரோவேஷியாவின் நாணயம் குனா என்கிறது மற்றொன்று. 2023 சனவரி முதல் நாள் அந்நாடு யூரோவுக்கு மாறிவிட்டது. இவை அச்சான பின் நேர்ந்த மாற்றங்கள் என்பதால் பதிப்பகத்தைக் குறைசொல்ல முடியாது. ஆனால் நீலக் கட்டில் புருண்டியின் தலைநகராக இன்னும் புஜும்புரா மட்டும் இருப்பதற்கு அந்தச் சமாதானம் பொருந்தாது; கிடேகா 2019இலேயே அரசியல் தலைநகராகிவிட்டது. கசகஸ்தான் அட்டை இதற்கு நேர்மாறான நல்ல எடுத்துக்காட்டு. அதில் தலைநகர் நூர் சுல்தான் என்றே உள்ளது. 2022இல் அந்த நகரம் மீண்டும் அஸ்தானா ஆகிவிட்டது. ஆயினும், பதவி விலகிய குடியரசுத் தலைவரைச் சிறப்பிக்க 2019இல் பெயர் மாற்றப்பட்டது என்று அட்டையின் பின்பக்கம் காரணம் சொல்லியிருப்பதால், அதன் கீழே ஒரு வரி எழுதிச் சேர்த்தவுடன் அட்டை முன்னைவிடச் செறிவாகிவிட்டது. காலாவதியான விடையும் காரணத்தோடு இருந்தால் வரலாறாகிறது.

திருத்தியே ஆக வேண்டிய தவறுகளும் இரண்டு உள்ளன. ஆப்பிரிக்காவின் தென்கோடி நன்னம்பிக்கை முனை என்று அச்சிட்டிருக்கிறார்கள். அதற்கு ஏறக்குறைய 150 கிலோமீட்டர் தென்கிழக்கே உள்ள அகுல்யாஸ் முனைதான் தென்கோடி. இந்தியப் பெருங்கடலும் அட்லாண்டிக்கும் பிரியும் எல்லையாகவும் அதன் நெட்டாங்கையே கொள்கிறார்கள். மற்றொரு அட்டை, சீனப் பெருஞ்சுவர் விண்வெளியிலிருந்து வெறுங்கண்ணுக்குத் தெரியும் என்கிறது. சுவர் நீளமானதே ஒழிய அகலமானது அல்ல. 2003இல் விண்வெளிக்குச் சென்ற முதல் சீன வீரர் யாங் லிவேயே அது தம் கண்ணுக்குத் தெரியவில்லை என்று சொன்னார். போட்டித் தேர்வுக்குப் படிப்பவர்கள் கையில் போகும் பெட்டியில் இப்படிப்பட்ட தவறுகள் மதிப்பெண்ணையே பாதிக்கும். பதிப்பகத்துக்கு எழுதியிருக்கிறோம். கடையில் இப்போதும் அதே பதிப்புத்தான் இருக்கிறது.

உடன் தரப்படும் மடிப்பு நிலப்படம் 1569இல் மெர்கேட்டர் வகுத்த முறையில் வரையப்பட்டது. அதில் கிரீன்லாந்தும் ஆப்பிரிக்காவும் ஏறக்குறைய ஒரே அளவாகத் தோன்றுகின்றன. உண்மையில் ஆப்பிரிக்கா 14 மடங்கு பெரியது. திசைகாட்டியில் ஒரே திசையைப் பிடித்துப் போகும் கப்பலின் பாதை படத்தில் நேர்க்கோடாக விழ வேண்டும் என்பதற்காகவே அந்த முறை வகுக்கப்பட்டது. அதற்குக் கொடுத்த விலைதான், துருவத்தை நெருங்க நெருங்க நிலங்கள் ஊதிப்போவது. இதைப் படத்தின் ஓரத்தில் இரண்டு வரிகளில் சொல்லியிருந்தால் படமே ஒரு பாடமாகியிருக்கும். சொல்லாததால், பரப்பளவுக் கேள்விகளுக்கு இந்தப் படத்தைப் பார்த்து விடை சொல்லும் பிள்ளைகள் தவறிப்போகிறார்கள்.

அச்சும் தாளும் பரவாயில்லை. அட்டைகளின் மேல் மெல்லிய பளபளப்புப் பூச்சு இருக்கிறது. உப்புக் காற்றில் ஓரங்கள் சீக்கிரமே பிரிந்து வளைந்துவிட்டன. கடலோரத்தில் வாங்குபவர்கள் மூடி இறுகும் எவர்சில்வர் டப்பாவில் போட்டு வைப்பது நல்லது; வந்த பெட்டியை நம்ப வேண்டாம்.

பெட்டியில் இல்லாதவற்றில் பெரியது கடல் எல்லை. நாடுகளின் நில எல்லைகளைப் பற்றி அத்தனை அட்டைகள் எழுதியவர்கள், கடலில் எல்லை எப்படி வகுக்கப்படுகிறது என்பதற்கு ஓர் அட்டையும் ஒதுக்கவில்லை. 1982இல் உருவாகி 1994இல் நடைமுறைக்கு வந்த ஐக்கிய நாடுகள் கடல் சட்ட உடன்படிக்கையின்படி, கரையிலிருந்து 12 கடல் மைல் வரை ஒரு நாட்டின் ஆட்சிக்குட்பட்ட கடல். 200 கடல் மைல் வரை மீன்வளத்தின் மீதும் கடலடி வளத்தின் மீதும் அதற்குத் தனியுரிமை உண்டு. ஒரு கடல் மைல் என்பது 1,852 மீட்டர். தனுஷ்கோடிக்கும் தலைமன்னாருக்கும் இடையே உள்ள தொலைவு ஏறக்குறைய 30 கிலோமீட்டர்தான். இரு நாடுகளும் தத்தம் கரையிலிருந்து அளந்தால் கோடுகள் ஒன்றன்மேல் ஒன்று ஏறிவிடும். அதனால்தான் இத்தகைய குறுகிய கடல்களில் அண்டை நாடுகள் பேசி ஒரு கோட்டை ஒப்புக்கொள்கின்றன. பாக் நீரிணைக்கு 1974இலும், மன்னார் வளைகுடாவுக்கும் வங்கக் கடலுக்கும் 1976இலும் இந்தியாவும் இலங்கையும் அவ்வாறு உடன்பாடு செய்துகொண்டன. கச்சத்தீவு இலங்கைப் பக்கம் போனது 1974ஆம் ஆண்டு உடன்பாட்டில்தான். பாக் நீரிணைப் பக்கத்து வடகடலில் வலைவிரிக்கப் போகும் வீடுகளில் அந்தக் கோடு அன்றாடக் கவலை. பொலிவியாவின் இழப்பை அறிந்துகொண்ட பிள்ளை, தன் வீட்டார் தொழில் செய்யும் கடலின் எல்லையை எந்த ஆண்டு, எந்த முறையில் வகுத்தார்கள் என்று அறியாமல் இருக்கக் கூடாது. எனவே இதற்கு ஆறு அட்டைகளை நாங்களே எழுதிப் பச்சைக் கட்டோடு சேர்த்திருக்கிறோம்.

வைகை கடலில் கலக்கும் இடத்துக்கு அருகே உள்ள அழகன்குளத்துக்கும் ஓர் அட்டை எழுதினோம். அங்கே நடந்த அகழாய்வுகளில் ரோமானியக் காசுகளும், கப்பல் உருவம் கீறப்பட்ட பானை ஓடும் கிடைத்திருக்கின்றன. பெரியபட்டினத்தில் கிடைத்த சீனப் பீங்கான் துண்டுகளையும் அதன் கீழேயே குறித்தோம். ரோம், சீனம் ஆகிய இரண்டு அட்டைகளுக்கும் நடுவே அதை வைத்து ஆடுகிறோம்.

யார் வாங்கலாம் என்றால், ஏழாம் வகுப்புக்கு மேற்பட்ட பிள்ளைகள் உள்ள வீடுகளும், ஊர்ப் படிப்பகங்களும், பள்ளி நூலகங்களும் தயங்காமல் வாங்கலாம். தேர்வுக்குத் தனியே படிப்பவர்களுக்கு இது முதன்மை நூலாகாது. மஞ்சள் கட்டைத் தொடாமல், நீலம், பச்சை, சிவப்பு ஆகியவற்றின் பின்பக்கங்களை மட்டும் படித்தால் வரலாற்று வினாக்களுக்கு நல்ல பின்னணி கிடைக்கும். குழுவாக ஆடும்போது, விடை சொன்னவருக்கு ஒரு மதிப்பெண்ணும், அந்த இடத்தை அட்லஸில் தொட்டுக் காட்டியவருக்கு ஒரு மதிப்பெண்ணும், காரணத்தைச் சொன்னவருக்கு இரண்டு மதிப்பெண்ணும் கொடுங்கள். பெட்டியில் அச்சிட்டிருக்கும் விதிமுறையைவிட இது ஆட்டத்தை நன்றாக நடத்துகிறது. மடிப்புப் படத்தை ஒதுக்கிவிட்டு, அண்மையில் வெளியான பள்ளி அட்லஸ் ஒன்றையும் இயன்றால் சிறிய உலக உருண்டை ஒன்றையும் கூடவே வாங்கிக்கொள்ளுங்கள். அவை இல்லாமல் இந்த அட்டைகளின் பாதிப் பயன்கூடக் கிடைக்காது.